பதினான்காவது சேனல்

டேப் நின்ற பிறகும் பதினான்காவது சேனலின் முள் ஆடிக்கொண்டிருந்தது.

பெரிய ஆட்டம் ஒன்றும் இல்லை. அடிக்கோட்டிலிருந்து நூலளவு எழும்பும், கொஞ்சம் நிற்கும், பிறகு மெல்ல இறங்கும். டேப் மெஷினின் இரண்டு சக்கரங்களும் அசையாமல் இருந்தன, மோட்டார் சூடு ஆறும்போது வரும் டிக் டிக் ஓசைகூட அடங்கிவிட்டது, மற்ற இருபத்து மூன்று முட்களும் படுத்த படுக்கையாகக் கிடந்தன. இது ஒன்று மட்டும் எழும்புவதும் இறங்குவதுமாக இருந்தது. இன்ஜினியர் நாற்காலியில் சாய்ந்தபடி அதையே பார்த்தான். பிற்பகல் மூன்று மணி. பாதி திறந்திருந்த கதவு வழியாக, தெருவில் யாரோ ஸ்கூட்டரை உதைத்து உதைத்து ஓய்வது கேட்டது.

இருபத்தைந்து வருடமாக ஒலிப்பதிவு செய்கிறவனுக்கு இதற்கெல்லாம் பயம் வராது. எர்த் சரியில்லை என்றால் முள் ஆடும். பக்கத்தில் செல்போன் இருந்தால் ஆடும். டியூப்லைட் சாகப் போகிறது என்றாலும் ஆடும். செல்போனைக் கொண்டுபோய்க் கூடத்தில் வைத்தான், விளக்கை அணைத்தான், மெஷினுக்குப் பின்னால் குனிந்து பதினான்காவது வயரைப் பிடுங்கினான். பிடுங்கிய வயரைக் கையில் வைத்துக்கொண்டே எட்டிப் பார்த்தான். முள் இன்னொரு முறை எழும்பி, நின்று, இறங்கி, அதன் பிறகுதான் படுத்தது.

"கரண்ட் மிச்சம் இருந்திருக்கும்," என்று வாய்விட்டே சொல்லிக்கொண்டான். வயருக்குள் கரண்ட் மிச்சம் இருக்காது என்பது அவனுக்கு நன்றாகத் தெரியும்.

வீட்டின் பின்னறையைத்தான் ஸ்டூடியோவாக மாற்றி வைத்திருந்தான். நான்கு சுவரிலும் கருப்பு ஸ்பாஞ்ச், தரையில் தடித்த கம்பளம், கதவைச் சுற்றி ரப்பர். இன்று அந்த அறை முழுக்க வாட்டிய டேப்பின் வாடை அடித்தது. கொஞ்சம் புளிப்பு, கொஞ்சம் புதுச் செருப்பு. இருபத்திரண்டு வருடம் பெட்டியில் கிடந்த டேப்பில் பசை கசிந்துவிடும், அப்படியே ஓட்டினால் பாட்டெல்லாம் உரிந்து மெஷினில் ஒட்டிக்கொள்ளும். அதனால் பழம் உலர்த்தும் மின்பெட்டிக்குள் வைத்து, இளஞ்சூட்டில் எட்டு மணி நேரம் வாட்ட வேண்டும். நேற்று அவன் மனைவி பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு, "எங்க அண்ணன உயிரோட இருந்தப்பதான் வறுத்து எடுத்தீங்க, இப்பவுமா?" என்று சிரித்தாள். அவனும் சிரித்து வைத்தான்.

அவள் அண்ணன் பாடிய கடைசி ஆல்பம் அது. பெயர் 'துரு'. பாடகனை எல்லோரும் தொண்டை என்றுதான் கூப்பிடுவார்கள். மேடையில் அவன் வாயைத் திறந்தால் முதல் வரிசையில் இருப்பவன் வயிறு அதிரும். அந்த ஹெவி மெட்டல் குழுவின் முதல் ஆல்பத்தைத் தலையில் தூக்கி வைத்து ஆடிய ரசிகர்கள், இரண்டாவதான 'துரு' வந்ததும் இரண்டாகப் பிளந்தார்கள். தகரம், வெறும் தகரம் என்றது ஒரு கட்சி. இதற்குத்தான் இத்தனை நாள் காத்திருந்தோம் என்று கும்பிட்டது இன்னொரு கட்சி. சண்டை எதற்கு என்றால், அந்த ஆல்பத்தில் ஒரு அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவில், ஒரு வரிக்கும் அடுத்த வரிக்கும் நடுவில், காது அடைத்துப் போன மாதிரி ஒரு வெறுமை இருந்தது. அறையின் எதிரொலி இல்லை, பாடுகிறவன் மூச்சு வாங்குவது இல்லை, எதுவும் இல்லை. அந்த வெறுமை நவீன வாழ்க்கையின் குறியீடு என்று ஒரு புண்ணியவான் இருநூறு பக்கத்துக்கு ஆராய்ச்சிக் கட்டுரை எழுதினார். இன்ஜினியர் அதைப் படித்துவிட்டு இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை.

குறியீடும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. அது கேட். ஒலிப்பதிவு செய்கிறவர்களிடம் இருக்கும் ஒரு சின்னக் கருவி, வாசலில் நிற்கும் வாட்ச்மேன் மாதிரி. சத்தமாக வருகிறவனுக்குக் கதவைத் திறந்துவிடும், முணுமுணுப்பவனை வெளியிலேயே நிறுத்திவிடும். இன்ஜினியர் தொண்டையின் குரலுக்கு அதை முழு இறுக்கத்தில் போட்டான். குரலுக்கு மட்டும் போட்டால் பிசிறு தெரிந்தது, அதனால் டிரம்முக்கும் கிதாருக்கும் போட்டான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க ஒரு அண்டா சோறு வேண்டியிருந்தது, அவ்வளவுதான் அந்த ஆல்பத்தின் ரகசியம்.

இப்போது கம்பெனி அதை உயர்தர ஒலியில் மறுபடி வெளியிட வேண்டும் என்றது. "கேட்டெல்லாம் எடுத்துடுங்க சார், அந்த ரூம் மூச்சு விடணும்," என்றார் கம்பெனி மேலாளர். இன்ஜினியர் தயங்கியதும், "உங்களுக்கு நேரம் இல்லைன்னா பரவால்ல, டேப்ப வேற ஒருத்தருக்கு அனுப்பிடறோம்," என்றார். அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் அவன் ஒப்புக்கொண்டான். தொண்டையின் குரல் இருந்த அந்தப் பதினான்காவது சேனல் வேறு ஒருத்தர் காதில் விழக் கூடாது.

கூடத்தில் செல்போன் அடித்தது. குழுவின் டிரம்மர், இப்போது டயர் கடை வைத்திருக்கிறான். பின்னணியில் காற்றடிக்கும் மெஷின் புஸ் புஸ் என்றது.

"என்னடா, என் டிரம்மு உயிரோட இருக்கா?"

"நல்லாவே இருக்கு."

"பிளாஸ்டிக் வாளிய தட்டினவன்னு ஊரெல்லாம் பேரு வாங்கிக் குடுத்தவன்டா நீ. இந்தத் தடவையாவது மனுசன் வாசிச்ச மாதிரி கேக்கட்டும்."

"கேக்கும், கேக்கும்."

"தொண்டை குரல கேட்டியா?"

"இன்னும் இல்ல. காலையில டேப்ப ஓட்டிக் கம்ப்யூட்டர்ல ஏத்துனேன். ஸ்பீக்கர் போடல."

"பக்கத்துல யாருடா? நெஞ்சு சளி கட்டுன மாதிரி இழுக்குது பாரு."

இன்ஜினியர் கூடத்தைச் சுற்றிப் பார்த்தான். சோபா, ஷூ ஸ்டாண்ட், மூடிய ஜன்னல். "யாரும் இல்ல. உன் கடை மெஷினா இருக்கும்."

"மெஷின நிறுத்தி ரெண்டு நிமிஷம் ஆச்சு. சரி விடு, வேலையப் பாரு."

குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள். அவனுக்கு நெஞ்சு மட்டுமா, காதும் குறுகுறுத்தது. மனைவி ஆறு மணிக்கு வந்துவிடுவாள். அவள் நர்ஸ். மூச்சுக்குழல் நோயாளிகளின் வார்டில் பதினெட்டு வருடம். இன்று வந்ததும் அண்ணனின் குரலை மட்டும், பாட்டுச் சத்தம் எதுவும் இல்லாமல், தனியாகக் கேட்க வேண்டும் என்று ஒரு மாதமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். ஒரு இழுப்பைக் கேட்டால், நோயாளிக்கு இன்னும் எத்தனை நிமிடம் இருக்கிறது, எந்த நிமிடத்தில் யார் போயிருந்தால் பிழைத்திருப்பான் என்று சொல்லக்கூடியவள் அவள். அவளுக்கு அவன் சொல்லியிருந்த கதை வேறு.

நடந்தது இதுதான். மூடிப்போன மீன் கம்பெனி ஒன்றின் குளிர் அறையில்தான் குரலைப் பதிந்தார்கள். குளிர் மெஷின் எப்போதோ செத்துவிட்டது; ஆனால் ஒரு சாண் தடிமனுக்குச் சுவர், அதே தடிமனுக்குக் கதவு, வெளிச்சத்தம் ஒரு பொட்டு உள்ளே வராது. உள்பக்கக் கைப்பிடி உடைந்திருந்ததால் வெளியில் இருப்பவர்தான் திறந்துவிட வேண்டும். பாடப் போகிறவன் பாக்கெட்டைக் காலி செய்துவிட்டுத்தான் போக வேண்டும் என்பது இன்ஜினியர் போட்ட சட்டம். சாவியும் சில்லறையும் மைக்கில் கிலுகிலுக்கும். ஒரு தட்டை நீட்டுவான், கொட்டிவிட்டுப் போவார்கள். அன்று தொண்டை கொட்டியது ஒரு சாவிக்கொத்து, ஒரு பேனா, ஆஸ்துமாவுக்கு உறிஞ்சும் நீல நிறப் பம்ப்.

"இது மட்டும் இருக்கட்டுமேடா," என்றான் தொண்டை.

"அதுக்குள்ள டப்பா ஆடிக் கிலுகிலுக்குது மச்சான். பத்து நிமிஷம்தான."

மற்றவர்கள் வெளியே போயிருந்தார்கள். கடைசிப் பாட்டு. கடைசி வரியைப் பாடிவிட்டு எவ்வளவு நேரம் வேண்டுமோ அவ்வளவு நேரம் சும்மா நிற்பேன், பிறகு ஒரே ஒரு அலறல், அது தானாக வர வேண்டும், அதுவரை டேப்பை நிறுத்தாதே என்று தொண்டை சொல்லியிருந்தான். இன்ஜினியர் தன் ஹெட்போனுக்கு வரும் வழியில் கேட்டைப் போட்டிருந்தான். தொண்டையின் கத்தலுக்குத் தகுந்த மாதிரி, நன்றாக ஏற்றி. டேப்பில் எல்லாம் பதிந்துகொண்டிருந்தது. அவன் காதுக்கு மட்டும் வாட்ச்மேன். கடைசி வரி முடிந்தது. அமைதி. என்ன ஒரு அமைதி என்று அவன் கண்ணை மூடி ரசித்தான். பதினோரு நிமிடம் ரசித்தான். அலறல் வரவில்லை என்று எழுந்துபோய்க் கதவைத் திறந்தபோது, தொண்டை அவன் காலில் வந்து விழுந்தான்.

ஆட்கள் வருவதற்குள் இன்ஜினியர் தட்டில் இருந்த பம்ப்பை எடுத்துத் தொண்டையின் பாக்கெட்டில் வைத்தான்.

கடைசி வரி முடிஞ்ச அதே நொடியில விழுந்துட்டான், ஓடிப்போய்த் தூக்குனேன், என் மடியிலதான் உயிர் போச்சு என்று எல்லோரிடமும் சொன்னான். டாக்டர் மாரடைப்பு என்று எழுதினார். அப்போது நர்சிங் படித்துக்கொண்டிருந்த தங்கை மட்டும் ஒரு தடவை கேட்டாள்: "பம்ப் பாக்கெட்லயே இருந்துதே, ஏன் எடுக்கல?" எடுக்க நேரமே இல்லை என்றான். அவள் நம்பினாள். அண்ணனைக் கடைசியாக மடியில் வைத்திருந்தவன் என்பதற்காகவே மூன்று வருடம் கழித்து அவனைக் கட்டிக்கொண்டாள். சும்மா வாய்வார்த்தைக்கு மச்சான் மச்சான் என்று கூப்பிட்டவன், செத்த பிறகு உண்மையாகவே மச்சானானான்.

ஆக, செய்ய வேண்டிய வேலை சின்னது. கடைசி வரிக்குப் பிறகு இருப்பதை அழிக்க வேண்டும். கம்ப்யூட்டரில் ஒன்று, டேப்பில் ஒன்று. கேட்கவே தேவையில்லை.

ஆனால் கேட்டான். கேட்காமல் எப்படி இருப்பது. ஸ்டூடியோக் கதவைச் சாத்தி, ஹெட்போனை மாட்டிக்கொண்டு, கடைசி வரிக்குக் கொஞ்சம் முன்னால் வைத்து ஓடவிட்டான்.

முதலில் வந்தது குரல் இல்லை, அறை. இருபத்திரண்டு வருடம் அவன் அடைத்து வைத்திருந்த அறை அப்படியே காதுக்குள் விரிந்தது. தகரம் பதித்த தரையில் ஷூ நகர்வது, சட்டைக் காலர் தாடியில் உரசுவது, எங்கோ மூலையில் தண்ணீர் ஒரு சொட்டு விழுந்து அடுத்த சொட்டுக்கு யோசிப்பது, மீன் வாடைகூட வருகிற மாதிரி அவ்வளவு துல்லியம். தொண்டை கடைசி வரியைப் பாடினான். என்ன குரல். இன்ஜினியருக்குக் கண் கலங்கிவிட்டது. கேட் போட்டு இதையா நசுக்கினோம் என்று தன் மேலேயே வெறுப்பு வந்தது.

வரி முடிந்தது. எதிரொலி சுவரில் பட்டுத் திரும்பித் தேய்ந்தது. பிறகு ஒரு மூச்சு.

உள்ளே இழுக்கும்போது ஒரு விசில். வெளியே விடும்போது இன்னொரு விசில், முன்னதைவிட நீளம். துணியைத் தடவும் கை. இந்தப் பாக்கெட், அந்தப் பாக்கெட், மறுபடியும் இந்தப் பாக்கெட். காலடி மைக்கைவிட்டு விலகிப் போனது. தூரத்தில் உள்ளங்கையால் கதவைத் தட்டும் சத்தம். தப். தப். தப். "டேய்." பிறகு ஒரு விசில். "டேய்… பம்ப்பு."

இன்ஜினியரின் கை நிறுத்தும் பட்டனுக்குப் போய் அதன் மேலேயே நின்றது. ஏனென்றால் அப்போது இன்னொரு குரல் கேட்டது. சன்னமாக, பொடிக் குரலாக, தொண்டை மாட்டியிருந்த ஹெட்போனிலிருந்து கசிந்து மைக்கில் விழுந்த குரல்.

"அப்படியே நில்லு மச்சான். அருமையா இருக்கு."

அது அவன் குரல். பேசினான் என்பதே அவனுக்கு மறந்து போயிருந்தது. அல்லது மறக்க வைத்திருந்தான்.

தட்டுவது ஒரு கணம் நின்றது. உள்ளே இருந்தவன் அதைக் கேட்டிருக்கிறான். கேட்டுவிட்டு, காதில் விழுந்துவிட்டது, இப்போது வந்துவிடுவான் என்று நம்பியிருக்கிறான். பிறகு மறுபடியும் தப். தப். மூன்று நிமிடம் கழித்து அந்தப் பொடிக் குரல் இன்னொரு முறை வந்தது. "அவசரமே இல்ல. உனக்கு எப்ப வருதோ அப்ப."

இன்ஜினியர் வாயைப் பொத்திக்கொண்டு அழுதான். ஆறாவது நிமிடம். ஒன்பதாவது. தட்டுவது கீழே இறங்கியது. இடுப்பு உயரம், முழங்கால் உயரம், பிறகு நகத்தால் பிறாண்டுவது. விசில் மட்டும் விடவில்லை. பதினோராவது நிமிடத்தில் கதவு திறக்கும் சத்தம் வரும், தன் அலறல் வரும், அத்தோடு முடியும் என்று திரையில் ஓடும் நேரக் கவுண்டரைப் பார்த்தபடி பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தான்.

பதினோரு நிமிடம் வந்தது.

கதவு திறக்கவில்லை.

பன்னிரண்டு. மூச்சு ஓடியது. உள்ளே, வெளியே. பதின்மூன்று. காலையில் இதே ரீல் பதினாறரை நிமிடத்தில் தீர்ந்து, சக்கரத்தில் வால் பட்டுப் பட்டென்று அடித்ததை அவன் கண்ணால் பார்த்திருந்தான். பாட்டு நாலரை நிமிடம். கணக்குப்படி எப்போதோ முடிந்திருக்க வேண்டும். கவுண்டர் ஓடியது. பத்தொன்பது. இருபது. அந்த டேப்பில் யாரும் வரவில்லை. யாரும் கதவைத் திறக்கவில்லை. தொண்டை இன்னும் உள்ளேதான் இருந்தான்.

மூச்சு மைக்குக்குப் பக்கத்தில் வந்தது. காலடியே கேட்கவில்லை. தூரத்தில் இருந்தது, இப்போது இங்கே.

இன்ஜினியர் ஹெட்போனைப் பிடுங்கிப் போட்டான்.

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதை. ஆனால் பூதத்தை மூடவும் அவனுக்குத் தெரியும், தொழிலே அதுதானே. கம்ப்யூட்டரில் கடைசி வரியின் கடைசி எழுத்துக்குப் பின்னால் கத்தியை வைத்தான், வெட்டினான், மிச்சம் அத்தனையையும் அழித்தான், அழித்ததையும் அழித்தான். டேப் மெஷினில் பதினான்காவது வயரைத் திரும்பச் சொருகி, அந்த ஒரு சேனலை மட்டும் பதிவில் போட்டு, வெறுமையை அதன்மேல் ஓடவிட்டான். பன்னிரண்டு நிமிடம். மெஷினுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தான். முள்ளைப் பார்க்கவில்லை.

டேப்பின் வால் சக்கரத்தில் அடித்தது. திரும்பிப் பார்த்தான். இருபத்து நான்கு முட்களும் படுத்திருந்தன. ஐந்து நிமிடம் பார்த்தான், பத்து நிமிடம் பார்த்தான். அசைவே இல்லை. அழித்த இடத்தை ஓட்டி, சத்தத்தை முழுக்க ஏற்றி, ஸ்பீக்கரில் காதை வைத்துக் கேட்டான். வெறும் இரைச்சல். அப்பாடா என்று கம்பளத்திலேயே மல்லாந்து படுத்துவிட்டான். சட்டை முழுக்க நனைந்திருந்தது. சந்தோஷமாக இருந்தது, வெட்கமாகவும் இருந்தது, சந்தோஷம்தான் அதிகம். இனி அவள் கேட்கலாம். அண்ணன் கம்பீரமாகப் பாடுவான், கடைசி வரியோடு நிற்பான், தான் சொன்ன கதையும் அப்படியே நிற்கும்.

ஆறு மணிக்கு அவள் வந்தாள். முழங்கை வரைக்கும் சோப்பு போட்டுக் கழுவினாள், யூனிஃபார்மைக்கூட மாற்றாமல் ஸ்டூடியோவுக்குள் வந்தாள்.

"ஏங்க, முகம் ஏன் பேயறஞ்ச மாதிரி இருக்கு?"

"காலையில இருந்து உக்காந்தே இருக்கேன்ல."

"சாப்டீங்களா இல்லையா?"

"அப்புறம் சாப்டுக்கறேன். நீ கேக்குறியா?"

அவள் நாற்காலியில் உட்கார்ந்தாள். ஹெட்போனைக் கையில் வாங்கி, மாட்டாமல் மடியில் வைத்துக்கொண்டாள். "பயமா இருக்குங்க. இத்தனை வருஷத்துல தனியா அண்ணன் குரல மட்டும் கேட்டதே இல்ல." பிறகு சொன்னாள்: "வார்டுல தினம் யாராவது மூச்சுக்குத் தவிக்கிறதப் பாக்குறேன். அப்பல்லாம் நெனச்சுக்குவேன், நம்ம அண்ணனுக்கு அந்தக் கஷ்டம் இல்ல, நீங்க பக்கத்துலயே இருந்தீங்கன்னு. அத நெனச்சுத்தான் தூங்குறேன்."

அவன் தலையாட்டினான். அவள் மாட்டிக்கொண்டதும் ஓடவிட்டான்.

அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். முதல் வரிக்குச் சிரித்தாள். இரண்டாவது வரிக்குக் கண்ணீர் வழிந்தது, துடைக்கவில்லை. காலால் தாளம் போட்டாள். நாலரை நிமிடம். திரையில் கோடு கடைசி எழுத்தைத் தாண்டி, முடிவைத் தொட்டு நின்றது. முடிந்தது. அவன் மூச்சை விட்டான்.

அவள் ஹெட்போனைக் கழற்றவில்லை.

"முடிஞ்சிருச்சும்மா," என்றான்.

கையை உயர்த்தி அவனை நிறுத்தினாள். புருவம் சுருங்கியது. தலையைக் கொஞ்சம் சாய்த்தாள். பிறகு இடது கையைத் திருப்பிக் கடிகாரத்தைப் பார்த்தாள். உதடு அசைந்தது. வார்டில் நோயாளியின் மூச்சை எண்ணுவது போல எண்ணினாள்.

அவன் திரையைப் பார்த்தான். நின்ற கோடு நின்றபடியே இருந்தது. சத்த அளவு பூஜ்யம்.

"நாப்பத்தி நாலு," என்றாள். வார்டுக் குரல். அவனிடம் சொல்லவில்லை.

"என்னம்மா எண்ணுற? ஒண்ணும் ஓடலையே."

அவள் திரும்பவில்லை. முன்னால் குனிந்தாள். "பேசாதண்ணா," என்றாள் மெதுவாக. "பேசுனா மூச்சு இன்னும் வாங்கும். உக்காரு. முன்னாடி சாஞ்சு உக்காரு. ம். மெதுவா விடு."

அவன் கம்ப்யூட்டரின் பிளக்கைச் சுவரிலிருந்து இழுத்தான். திரை கருத்தது. விசிறி நின்றது.

அவள் எண்ணிக்கொண்டிருந்தாள்.

"அம்பத்தி ரெண்டு." கடிகாரம். "பம்ப்பு எங்கண்ணா?" கேட்டாள். தலையாட்டினாள். "தட்டுலயா? எந்தத் தட்டு?"

"கழட்டும்மா." அவன் குரல் அவனுக்கே கேட்கவில்லை. "கழட்டு."

"யாருகிட்ட குடுத்த?"

ஸ்பாஞ்ச் சுவர். புளிப்பு வாடை. அவள் முதுகு நிமிர்ந்தது. மெதுவாக. ஹெட்போன் வயர் அவள் தோளில் இறங்கி, மடியில் சுருண்டு, தரையில் கிடந்தது. அதன் முனை எதிலும் சொருகியிருக்கவில்லை.

ஓட வேண்டும். சுவரோடு ஒட்டி நின்றான்.

எவ்வளவு நேரம் அப்படிப் போனது என்று, அவள் எண்ணியதால் அவனுக்கும் தெரிந்தது. ஒவ்வொரு நிமிடமும் ஒரு எண். முப்பது. இருபத்திரண்டு. பதினாலு. எண் இறங்க இறங்க அவள் கண்ணீர் காய்ந்தது. ஏழாவது நிமிடத்தில், "இப்ப வந்திருந்தாக்கூடப் போதும்," என்றாள். அதை மட்டும் அவனைப் பார்த்துச் சொன்னாள். முகத்தில் கோபம் இல்லை. நோயாளியின் சொந்தக்காரரிடம் சொல்லும்போது வைத்திருக்கும் முகம்.

பதினோராவது நிமிடத்தில் கடிகாரக் கையைக் கீழே இறக்கினாள்.

"நெஜமாத்தான் அருமையா இருக்குன்னு சொன்னீங்களா?"

அவள் ஹெட்போனைக் கழற்றினாள். நர்ஸின் கை, நடுக்கமே இல்லை. இரண்டு கையாலும் விரித்துப் பிடித்து, அவன் பக்கம் திருப்பினாள்.

"இன்னும் நிக்கலைங்க," என்றாள். "உங்களத்தான் கூப்புடுறாரு."

திறந்திருந்த கதவு வழியாக மாலை வெளிச்சம் அதன்மேல் நேராக விழுந்தது. இரண்டு பக்கத்துக் கருப்புத் தோல் மெத்தையும் உள்ளே குழிந்தன. நன்றாக, விரல் நுழையும் அளவுக்கு. நின்றன. பிறகு நடுங்கி நடுங்கி வெளியே உப்பின. தோலில் ஈரம் கோத்து, ஒரு சொட்டு அவள் விரலில் இறங்கியது. மறுபடியும் உள்ளே குழிந்தன.

அவள் அதை அவன் காதை நோக்கிக் கொண்டுவந்தாள்.